தரைக்கு அடியிலிருந்து வெளிச்சம்

மீட்டரைப் பார்க்கும்போது அவர் முகத்தில் ஒன்றுமே இருக்காது. டார்ச் அடித்து எண்ணைப் படிப்பார். வாசல் ஆணியில் தொங்கும் வெள்ளை அட்டையில் எழுதுவார். பேனாவைச் சட்டைப்பையில் செருகிக்கொள்வார். கரண்ட் ஆபீஸ் அவருக்குக் கொடுத்த வேலை அவ்வளவுதான். ஆனால் அவர் கிளம்ப மாட்டார். மழைக்கோட்டுக்குள் கையை விட்டு, பிளாஸ்டிக் கவரில் சுற்றிய நீள நோட்டு ஒன்றை எடுப்பார். அப்போதுதான் அந்த முகத்துக்கு உயிர் வரும்.

"ஏனுங், காலையில என்னங்க கண்டீங்க? ஆளெல்லாம் வேண்டாம். ஊடு மட்டும் சொல்லுங்க. வெளிச்சம் எந்தப் பக்கமிருந்து வந்துச்சு?"

கனவைத்தான் கேட்கிறார். இரண்டு மாதத்துக்கு ஒரு தடவை ரீடிங் எடுக்க வரும்போதெல்லாம் எங்கள் லைனில் பத்து வீட்டிலும் கேட்பார். குன்னூருக்குக் கீழே தேயிலைக் காட்டுக்கு நடுவில் எங்கள் லைன். பத்து வீட்டுக்கும் ஒரே தகரக் கூரை. இந்த வீட்டில் தும்மினால் அடுத்த வீட்டில் கேட்கும். எங்களுடையது ஏழாம் நம்பர். அவர் பெயரைச் சொல்லி யாரும் கூப்பிட்டதில்லை. எல்லோருக்கும் அவர் ரீடிங் சார்.

எட்டாம் நம்பர் பாக்கியம் அக்காவுக்கு அவரைக் கண்டாலே சிரிப்பு வந்துவிடும்.

"என்னங்க சார், கனவுக்கும் யூனிட் போடப் போறீங்களா? நூறு கனவு வரைக்கும் ஃப்ரீதானுங்களே?"

அவரும் சிரிப்பார். ஆனால் நோட்டை மூட மாட்டார். "நீங்க சிரிங்க, பரவால்ல. சிரிச்சுட்டு வாசல் எந்தப் பக்கம்னு சொல்லுங்க."

ஒருநாள் என் அப்பா, "பொழுதுபோக்குக்காகவாங்க சார் இதெல்லாம்?" என்று கேட்டுவிட்டார். ரீடிங் சாருக்கு உண்மையாகவே வருத்தமாகிவிட்டது. "பொழுதுபோக்கு இல்லீங். இது ஒரு படிப்பு. இன்னும் எந்தக் காலேஜிலயும் சேக்கல, அவ்வளவுதான்." அந்தப் படிப்புக்குப் பெயரும் வைத்திருந்தார். ஒளிமனையியல். அதை முழுதாகச் சொல்லும்போது கொஞ்சம் நிமிர்ந்து நிற்பார்.

நான் எட்டாவதோடு நின்றவள். அவர் சொன்னதில் எனக்குப் புரிந்தது இதுதான். நாம் குடியிருக்கும் வீட்டில் சுவர் கூரையைத் தாங்குகிறது. கனவில் வருகிற வீட்டுக்குச் சுவர் சும்மா பேருக்குத்தான். அங்கே கூரையைத் தாங்குவது வெளிச்சம். அது எந்தப் பக்கமிருந்து வருகிறதோ அந்தப் பக்கம்தான் அந்த வீட்டின் தூண். "நாம முழிக்கிறதே இல்ல அம்மணி. வெளிச்சம் நகந்து ஊடு இடியுது. அதைத்தான் முழிப்புன்னு சொல்லிட்டிருக்கோம்" என்பார். ஒரே சுவரை ஒட்டிப் படுப்பவர்களுக்கு ஒருவர் கனவின் வெளிச்சம் இன்னொருவர் கனவுக்குள் போகும் என்றும் நம்பினார். அதற்குக் கசிவு என்று பெயர். எங்கள் லைன் அவருக்குப் பிடித்ததே அதனால்தான். பத்து வீடு, ஒன்பது பொதுச்சுவர்.

நோட்டில் ஒவ்வொரு கனவு வீட்டையும் ஒயரிங் படம் மாதிரி வரைவார். பல்புக்குப் போடுகிற பெருக்கல் குறி போட்ட வட்டம்தான் கனவு வெளிச்சத்துக்கும். படத்துக்குக் கீழே நாலு கட்டம். வாசல். வெளிச்சம். கூரை. இடிந்த விதம். ஆளுக்குக் கட்டம் கிடையாது.

ஒரே ஒரு கட்டுப்பாடு வைத்திருந்தார். முழித்ததும் சுவிட்சைத் தொடக் கூடாது. இருட்டிலேயே படுத்தபடி, கண்டதை வாய்விட்டு ஒரு தடவை சொல்லிவிட வேண்டும். லைட்டைப் போட்டுவிட்டால் கனவு வெளிச்சத்தில் வீட்டு வெளிச்சம் கலந்துவிடும். கரண்ட் ஆபீஸ்காரர் ஊர் பூராவும் போய் சுவிட்சைப் போடாதீர்கள் என்று சொல்லிக்கொண்டிருந்தார். அவர் வருகிற நாள் காலையில் பனியும் இருட்டுமாக இருக்கும்போதே லைன் முழுக்க முணுமுணுப்பு கேட்கும். மஞ்சக் கதவு, படிக்கட்டு, ஓட்டை வழியா வெளிச்சம். அப்புறம் ஒவ்வொரு வீடாக லைட் எரியும். கேலி செய்கிறவர்களும் சொல்லத்தான் செய்தார்கள். பாக்கியம் அக்காவும்தான்.

ஒரு காற்று மழையில் மரம் விழுந்து கம்பி அறுந்து, எங்களுக்கு ஐந்து நாள் கரண்ட் இல்லை. மூன்றாம் நாள் அவர் சறுக்கி விழுந்த சேற்றோடு மேலே ஏறி வந்தார். சனங்கள் சுற்றிக்கொண்டார்கள். எப்போது வரும் சார், எப்போது வரும்? அவர் முகமெல்லாம் பூரிப்பு. "அது லைன்மேன் பாத்துக்குவாருங்க. மூணு நாளா ஒருத்தரும் சுவிட்சே போடலைல்ல? அதாங்க ஓடி வந்தேன். இந்த மாதிரி சுத்தமான வெளிச்சம் வருசத்துக்கு ஒருக்கா கெடைக்காதுங்க." பாக்கியம் அக்கா துடைப்பத்தை எடுத்துவிட்டது. அப்படியும் ஆறு கனவு எழுதிக்கொண்டுதான் இறங்கினார்.

நாலாம் நம்பர் டிரைவர் அண்ணனுக்கு ஒரு குழந்தை தவறிப்போனது. அடுத்த ரீடிங்குக்கு சார் வந்தபோது அண்ணன், "பாப்பா வந்தா சார், நேத்து" என்று ஆரம்பித்து அழுதுவிட்டார். நாங்கள் எல்லோரும் வெளியே நின்றிருந்தோம். ரீடிங் சார் நோட்டைத் திறந்தார். பிறகு, "கதவு எந்தப் பக்கமுங்க இருந்துச்சு?" என்றார். எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. இந்த ஆளுக்கு மனசே கிடையாதா என்று நினைத்தேன். ஆனால் அண்ணன் அழுகையை நிறுத்தினார். கண்ணைச் சுருக்கிக்கொண்டு யோசித்தார். "இடப்பக்கம் சார். சின்னக் கதவு. குனிஞ்சுதான் போகணும்." அதன் பிறகு படிக்கட்டு, ஜன்னல், தரை என்று கால் மணிநேரம் சொன்னார். சொல்லி முடித்தபோது அவர் முகம் கழுவியது போல் இருந்தது. ரீடிங் சாருக்கு மனசு இருக்கிறதா இல்லையா என்று அன்றைக்கு எனக்குத் தெரியவில்லை. இப்போதும் சரியாகச் சொல்லத் தெரியவில்லை.

"உங்களுக்கு என்ன கனவு சார் வரும்?" என்று ஒருமுறை கேட்டேன். "எனக்கு வர்றதே இல்ல அம்மணி. படுத்தா ஃபியூஸ் போன மாதிரி. அதான் ஊரெல்லாம் கேட்டுட்டுத் திரியறேன்" என்றார்.

இனி நான் செய்ததைச் சொல்ல வேண்டும்.

எனக்குப் பதினாறு வயதில் அம்மா இறந்துவிட்டாள். பேக்டரியில் கொழுந்து வாட்டுகிற மாடியில் வேலை செய்தவள். பதினோராம் நாளோ பன்னிரண்டாம் நாளோ ரீடிங் சார் வந்தார். அப்பா உள்ளே சுருண்டு படுத்திருந்தார். மீட்டரைப் பார்த்து எழுதிவிட்டு நோட்டை எடுக்காமலேயே திரும்பினார். நான்தான் அவரை நிறுத்தினேன்.

"எங்கிட்ட கேக்கலீங்களா சார்?"

"கண்டியா அம்மணி?"

நான் எதையும் காணவில்லை. அந்த நாட்களில் நான் தூங்கவே இல்லை. ஆனால் சாப்பிட்டியா, தூங்கினியா, அப்பாவைப் பார்த்துக்கோ என்பதைத் தவிர யாரும் என்னிடம் எதுவும் பேசாமல் இருந்த நேரம் அது. நான் சொல்வதை இவர் நோட்டில் எழுதுவாரே என்று தோன்றியது. கண்டேன் என்று சொன்னேன்.

வாட்டு மாடியில் நீளநீளமான தொட்டிகள் இருக்கும். மேலே கம்பி வலை. வலையின் மேல் கொழுந்தைப் பரப்புவார்கள். அடியிலிருந்து காற்றை ஊதுவார்கள். சின்ன வயதில் அம்மா என்னை அந்த வலையின் ஓரத்தில் உட்கார வைப்பாள். பாவாடை குடை மாதிரி உப்பும். அதைத்தான் எடுத்தேன். காற்றை எடுத்துவிட்டு வெளிச்சத்தை வைத்தேன்.

"ஒரு ஊடு சார். வடக்கு வாசல். விளக்கே இல்ல. தரைக்கு அடியிலேர்ந்து வெளிச்சம் வருது."

அவர் பேனா நின்றுவிட்டது. "அடியிலேர்ந்தா?" வாசற்படியில் உட்கார்ந்துவிட்டார். "மெதுவாச் சொல்லு அம்மணி. ஒரு வார்த்தை தப்பாப் போயிரக் கூடாது."

பள்ளிக்கூடத்தில் ஒரு நாள் கூட என் வாயிலிருந்து வந்ததை யாரும் எழுதிக்கொண்டதில்லை.

அதற்கு முன் அவர் நோட்டில் அடியிலிருந்து வெளிச்சம் வந்த வீடு ஒன்று கூட இல்லையாம். அடுத்த தடவை எங்கள் வீட்டுக்குத்தான் முதலில் வந்தார். நானும் சொன்னேன். மூன்று வருடம் சொன்னேன். அந்த வீட்டுக்கு அறை சேர்த்தேன், சுவரில் மாடப்பிறை வைத்தேன், கூரைக்குத் தகரம் போட்டேன். முன்னுக்குப் பின் முரணாகச் சொல்லிவிடக் கூடாது என்று அவர் வருகிற நாள் காலையில் இருட்டில் படுத்துக்கொண்டு வாய்விட்டு ஒத்திகை பார்ப்பேன். சுவருக்கு அந்தப் பக்கம் பாக்கியம் அக்கா, இந்தப் பக்கம் ஆறாம் நம்பர். கொஞ்ச நாளில் அவர்களுக்கும் சுவரோரத் தரையில் வெளிச்சம் தெரிய ஆரம்பித்தது. என் முணுமுணுப்பைக் கேட்டுக் கண்டார்களா, கேட்டதைக் கண்டதாகச் சொன்னார்களா, எனக்குத் தெரியாது. அவருக்கு அது கசிவு. "மூணு ஊட்டுல, அம்மணி! மூணு ஊட்டுல!" என்று அவர் சொன்னது இன்னும் என் காதில் இருக்கிறது.

அவர் எழுதியது கட்டுரையானது. குன்னூரில் டைப் அடித்தார். ஊட்டியில் படிக்கிற பழக்கமுள்ளவர்கள் மாதம் ஒரு ஞாயிறு கூடிப் பேசுவார்களாம். அங்கே வாசிக்க அவருக்கு இடம் கிடைத்தது. "நீ வந்து பக்கத்துல உக்காந்தாப் போதும்" என்று என்னைக் கூப்பிட்டார். வேண்டாம் என்று சொல்ல எனக்கு மூன்று வாரம் இருந்தது. தினமும் சொல்லிவிடலாம் என்று நினைத்தேன். அப்பா எனக்குப் புதுச் செருப்பு வாங்கிக் கொடுத்தார்.

கூட்டத்தில் இருபது பேர் இருப்பார்கள். அவர் இஸ்திரி போட்ட சட்டையில் ஆளே மாறித் தெரிந்தார். முதலில் தடுமாறி, போகப்போகச் சரியாக வாசித்தார். ஏழாம் நம்பர் மனை என்று என் வீட்டைத்தான் கடைசியில் வைத்திருந்தார். யாரும் சிரிக்கவில்லை. தலைமை தாங்கிய பேராசிரியர் ஒருவர், ரொம்ப மரியாதையாகத்தான், என்னைப் பார்த்துக் கேட்டார்.

"அடியிலிருந்து வெளிச்சம்னா உங்க நிழல் எங்கம்மா விழுந்தது?"

அதை நான் யோசித்ததே இல்லை. மூன்று வருடத்தில் அந்த வீட்டில் எல்லாவற்றையும் வைத்தேன், நிழலை வைக்கவில்லை. எல்லோரும் என்னையே பார்த்தார்கள். ரீடிங் சாரும் நோட்டைத் திறந்து பேனாவோடு என்னைப் பார்த்தார். அந்தப் பார்வையில் சந்தேகம் இல்லை. ஆசைதான் இருந்தது. அதைத் தாங்க முடியாமல்தான் சொன்னேன்.

"நான் சும்மா சொன்னேன் சார். அப்படி ஒண்ணும் நான் காணல."

பின்னால் யாரோ சிரித்தார்கள். அவர் தாள்களை அடுக்கி, தட்டிச் சமன் செய்து, பிளாஸ்டிக் கவரில் போட்டார். "மன்னிச்சுக்கோங்க" என்று கூட்டத்தைப் பார்த்துக் கும்பிட்டார்.

திரும்பும் பஸ் லவ்டேலைத் தாண்டியது. அவர் ஜன்னலைப் பார்த்துக்கொண்டே கேட்டார்.

"எத்தனை அம்மணி?"

"எல்லாமே சார்."

"ஆறுலயும் எட்டுலயும் கசிஞ்சுதே?"

நான் கையிலிருந்த டிக்கெட்டை மடித்துக்கொண்டிருந்தேன். எனக்கு டிக்கெட் எடுத்தவர் அவர்தான். இறங்கும்போது, "பாத்துப் போ, இருட்டாயிருச்சு" என்றார். திட்டியிருந்தால் நன்றாக இருந்திருக்கும்.

அதன் பிறகும் இரண்டு மாதத்துக்கு ஒரு முறை வந்தார். மற்ற வீடுகளில் நோட்டை எடுத்தார். எங்கள் வீட்டில் டார்ச், அட்டை, பேனா, அவ்வளவுதான். நான் உள்ளே நின்று கேட்டுக்கொண்டிருப்பேன்.

மூன்று தடவை அப்படிப் போனது. அப்புறம் ஒரு விடிகாலையில் நான் அந்த வீட்டைக் கண்டேன்.

உண்மையாகவே கண்டேன். நான் சொன்ன வடக்கு வாசல், நான் சொன்ன தகரம், நான் வைத்த மாடப்பிறை. வெளிச்சம் தரைக்கு அடியிலிருந்து, அம்மா என்னை உட்கார வைத்த வலையின் காற்று மாதிரி வந்தது. பேராசிரியர் கேட்ட கேள்விக்குப் பதில் மேலே இருந்தது. முழித்ததும் சுவிட்சைத் தொடவில்லை. இருட்டில் படுத்தபடி எல்லாவற்றையும் வாய்விட்டுச் சொன்னேன். சொல்லிக்கொண்டிருக்கும்போதே சுவருக்கு அந்தப் பக்கமிருந்து பாக்கியம் அக்கா குரல் வந்தது.

"மறுபடியும் ஆரம்பிச்சுட்டியாடி? பாவம்டி அந்த மனுசன். விட்டுரு."

அவர் வர ஒன்பது நாள் இருந்தது. ஒன்பது நாளும் சொல்லலாமா வேண்டாமா என்றே இருந்தேன். சொன்னால் இரக்கப்பட்டு இன்னொரு பொய் சொல்கிறாள் என்றுதானே நினைப்பார்? ஒன்பதாம் நாள் வந்தார். எழுதினார். பேனாவைச் செருகினார். வழக்கத்தைவிடக் கொஞ்ச நேரம் அதிகமாக நின்ற மாதிரி இருந்தது.

"சார்" என்றேன்.

"என்ன அம்மணி?"

"டீ குடிக்கிறீங்களா?"

"இல்ல கண்ணு. இன்னும் நாலு லைன் இருக்கு."

மழைக்கோட்டு தேயிலைச் செடிகளுக்கு நடுவில் இறங்கிப் போவதைப் பார்த்துக்கொண்டு நின்றேன். ஓடியிருந்தால் பிடித்திருக்கலாம். தூரமே இல்லை.

அடுத்த ரீடிங்குக்கு ஒரு சின்னப் பையன் போனும் கையுமாக வந்தான். பழைய சார் எங்கே என்று கேட்டேன். "தெரியாதுங்களாக்கா? போன மாசம் தவறிட்டாருங்க. நெஞ்சு வலி" என்றான். அவன் அரை நிமிடத்தில் முடித்துக்கொண்டு அடுத்த வீட்டுக்குப் போனான். லைனில் எல்லோரும் வெளியே வந்து நின்றோம். துடைப்பம் எடுத்த பாக்கியம் அக்காதான் முதலில் அழுதது.

அந்த ஞாயிறு குன்னூரில் அவர் வீட்டைத் தேடிப் போனேன். அவர் சம்சாரம் என்னை ஏற இறங்கப் பார்த்தார்கள்.

"ஏழாம் நம்பர் புள்ளையா நீ?"

ஆமாம் என்றேன். திட்டப் போகிறார்கள் என்று காத்திருந்தேன். டீ போட்டுக் கொடுத்தார்கள். கூடத்தில் லைட் எரியவில்லை. "அந்தப் பல்பு போயி மூணு மாசமாச்சு. ஊராங்க கனவுக்கெல்லாம் ஒயரிங் பண்ணுன மனுசன், சொந்த ஊட்டுல ஒரு பல்பு மாத்தல" என்றார்கள்.

"உங்க கனவை எழுதியிருக்காருங்களாம்மா?"

"என்ற கனவா? கேட்டதே இல்ல. ஊட்டு ஆளுங்க சொல்றத ஆராய்ச்சியில சேக்கக் கூடாதாம்." சிரித்தார்கள். அப்புறம் முந்தானையால் வாயை மூடிக்கொண்டார்கள். "ஒருக்கா கேட்டிருக்கலாம்."

நோட்டுகள் அலமாரியில் இருந்தன. கடைசி நோட்டை எடுத்துக் கொடுத்தார்கள். என் பொய்களை அடித்துக் கிழித்திருப்பார் என்று நினைத்துத்தான் திறந்தேன். எதையும் அடிக்கவில்லை. பக்கத்தின் ஓரத்தில் பென்சிலால், சொன்னது, கண்டதல்ல என்று மட்டும் எழுதியிருந்தார்.

ஊட்டிக் கூட்டத்துக்குப் பிறகு அவர் வந்தது நாலு தடவை. நோட்டில் நாலு நாளுக்கும் ஏழாம் நம்பருக்கு ஒரு பக்கம் விட்டிருந்தார். மேலே தேதி. நடுவில் வீடு வரைய இடம். கீழே கட்டங்கள் போட்டு, எல்லாம் காலி. என்னிடம் ஒரு வார்த்தை கேட்கவில்லை. ஆனால் ஒவ்வொரு தடவையும் பக்கம் போட்டுக்கொண்டுதான் மலை ஏறியிருக்கிறார். அந்தப் பக்கங்களில் கட்டம் நாலு இல்லை. ஐந்து. ஐந்தாவதற்கு நிழல் என்று பெயர் எழுதியிருந்தார்.

அவர் சம்சாரத்திடம் கேட்டு அந்த நோட்டை வாங்கி வந்தேன். ஒரு வாரம் தொடவில்லை. இன்றைக்குக் காலையில், சுவிட்சைப் போடாமல், ஜன்னல் வெளுக்கும் வரை காத்திருந்து, நாலாவது பக்கத்தை எடுத்தேன். என் கையெழுத்து கோணல். அவருடையது போல வராது.

வாசல்: வடக்கு.

வெளிச்சம்: தரைக்கு அடியிலிருந்து.

கூரை: தகரம்.

இடிந்த விதம்: இடியவில்லை. நானாகத்தான் வெளியே வந்தேன்.

நிழல்: மேலே, கூரையில். இரண்டு.